காற்புள்ளியும் வலப்பக்கச் சுக்கானும்: ஜேர்மன் மொழி பேசும் மெக்கானிக்குகளுக்காகக் கொழும்பில் செய்யும் வேலை

ஆங்கிலம் பேசும் நாடுகளின் கராஜ்களுக்கென எழுதப்பட்ட வாகனத் திருத்த மென்பொருள் ஒன்றை, ஜேர்மனி, ஒஸ்திரியா, சுவிட்சர்லாந்தின் ஜேர்மன் மொழிப் பகுதி ஆகிய இடங்களில் வேலை செய்யும் மெக்கானிக்குகளுக்குப் பொருந்துமாறு மாற்றியமைக்கும் பணியில் கொழும்பில் இருந்தபடி ஈடுபட்டு வருகிறேன். வாகனம் உள்ளே வந்ததும் வேலை அட்டை திறப்பது, அது எந்த மாதிரி என்று இனங்காண்பது, பழுதுக் குறியீடுகளை வாசிப்பது, திருத்தும் படிகளையும் போல்ட்டுகளின் இறுக்க அளவுகளையும் காட்டுவது, கடைசியில் பில் அச்சிடுவது வரை எல்லாம் அந்த மென்பொருளுக்குள்தான் நடக்கின்றன. இதைக் கேள்விப்படுகிற பெரும்பாலானோர் இது ஒரு மொழிபெயர்ப்பு வேலை என்றே எண்ணுகிறார்கள். மொழிபெயர்ப்பும் அதில் உண்டு. எனினும் ஒரு மெக்கானிக்கின் கையையோ, அவர் திருத்திய வாகனத்தில் பயணிக்கும் குடும்பத்தின் உயிரையோ பாதிக்கக்கூடியவை வாக்கியங்களைக் காட்டிலும் எண்களும், பக்கங்களும், எச்சரிக்கைகளுமே என்பதால், அவற்றைச் சரிசெய்த பிறகே வாக்கியங்களுக்குப் போகவேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

எண்களிலிருந்து தொடங்குகிறேன். நாம் 1,500.75 என்று எழுதுவதை ஜேர்மனியில் 1.500,75 என்று எழுதுகிறார்கள். அங்கே தசமத்தைக் குறிப்பது காற்புள்ளி, ஆயிரத்தைப் பிரிப்பது முற்றுப்புள்ளி. சுவிட்சர்லாந்தில் அதே தொகை 1'500.75 என்று எழுதப்படும். மொழி ஒன்றாக இருக்க, எல்லையைக் கடந்ததும் எண்ணின் உருவம் மாறிவிடுகிறது. ஆகவே ‘ஜேர்மன்’ என்ற ஒரே மொழித் தெரிவை மட்டும் வைத்துக்கொண்டு எண்களைக் கையாளும் மென்பொருள் ஏதாவது ஒரு நாட்டில் நிச்சயம் பிழைக்கும். என்ஜின் எண்ணெய் 4,3 லீற்றர் என்ற மதிப்பிலிருந்து காற்புள்ளி உதிர்ந்து 43 ஆகிவிட்டால் எந்த மெக்கானிக்கும் அதை நம்பப்போவதில்லை. அந்தப் பிழை தன்னைத்தானே காட்டிக்கொடுத்துவிடும். அச்சப்படவேண்டியது நம்பத்தக்கதாகத் தோன்றும் பிழைகளுக்குத்தான். ஒரு போல்ட்டின் இறுக்க அளவான 8,5 நியூட்டன் மீற்றர் என்பது 85 ஆக மாறினால், 85 என்பது வேறொரு போல்ட்டுக்கு முற்றிலும் இயல்பான அளவாக இருப்பதால் கண் அதில் தடுக்கி நிற்காது. ஆனால் அலுமினிய உடலில் பூட்டப்படும் சிறிய போல்ட் அந்த விசையில் அறுந்துபோகும், அல்லது மரை உரிந்துவிடும். உதிரிப்பாக விற்பனையாளர்கள் அனுப்பும் விலைக் கோப்புகளிலும் இதே ஆபத்து உண்டு: காற்புள்ளியால் நிரல் பிரிக்கும் கோப்பு வடிவத்தை எதிர்பார்க்கும் மென்பொருளிடம், தசமத்துக்கே காற்புள்ளி பயன்படும் நாட்டிலிருந்து அரைப்புள்ளியால் நிரல் பிரித்த கோப்பு வந்து சேர்கிறது. எண்களை உள்ளே ஒரே வடிவத்தில் சேமித்து, திரையில் காட்டும் கணத்தில் மட்டும் நாட்டுக்கேற்ப உருமாற்றுவதும், உள்வாங்கும்போது ஊகிக்காமல் கோப்பின் வடிவத்தைக் கேட்டு அறிவதும் தவிர வேறு பாதுகாப்பான வழி இல்லை.

இறுக்க அளவுகளுக்கு இன்னும் கடுமையான விதி தேவைப்படுகிறது. அமெரிக்கத் தரவுகளில் அவை பவுண்ட்-அடியில் இருக்கும். ஒரு பவுண்ட்-அடி ஏறத்தாழ 1.356 நியூட்டன் மீற்றருக்குச் சமம் என்பதால் பெருக்கினால் போதும் என்று தோன்றும். ஆனால் வாகனத் தயாரிப்பாளர் முதலில் 90 நியூட்டன் மீற்றர் என்று கொடுத்ததை யாரோ 66 பவுண்ட்-அடி என்று முழு எண்ணாக்கி வைத்திருப்பார்கள். அதை நாம் திருப்பிப் பெருக்கினால் 89.5 என்று வரும். அந்த அரை அலகு எதையும் உடைக்காது. ஆயினும் தயாரிப்பாளரின் கையேட்டில் இல்லாத ஓர் எண்ணைத் திரையில் கண்ட மெக்கானிக், அந்தத் திரையிலுள்ள மற்ற எண்களையும் ஐயத்தோடு பார்க்கத் தொடங்குவார். அப்படிப் பார்ப்பது நியாயமும்கூட. எனவே மாற்றிக் கணிக்காமல், தயாரிப்பாளரின் மூல மதிப்பையே தேடி எடுத்து வைக்கிறோம். இதோடு, சிலிண்டர் தலை போல்ட்டுகள் போன்றவற்றை ஒரே விசையில் இறுக்குவதில்லை: முதலில் 40 நியூட்டன் மீற்றர், அதன் மேல் 90 பாகை, மீண்டும் 90 பாகை என்பது போலப் படிப்படியாக, போல்ட் சற்றே நீளும்வரை திருப்பவேண்டும், அவ்வாறு நீண்ட போல்ட்டை மறுபடி பயன்படுத்தலாகாது. தரவுத்தளத்தில் இறுக்க அளவுக்கென ஒரே ஓர் எண் கட்டம் மட்டும் இருந்தால், அந்தப் பாகைகள் எங்கோ ஒரு குறிப்புரைக்குள் போய் ஒளிந்துகொள்ளும். படிகளின் வரிசையும், ‘புதிய போல்ட் கட்டாயம்’ என்ற தகவலும் அந்த அளவோடு பிரியாமல் நிற்கவேண்டும் என்பதற்காக நாங்கள் தரவின் அமைப்பையே மாற்றினோம்.

அடுத்தது இடமும் வலமும். இலங்கையில் நாம் வீதியின் இடப்பக்கம் ஓட்டுகிறோம். சுக்கான் வலப்பக்கம் இருக்கிறது. பஞ்சிகாவத்தையில் உதிரிப்பாகம் வாங்கப் போகிற எவருக்கும் ‘டிரைவர் பக்கக் கண்ணாடி’ என்றால் வலப்பக்கக் கண்ணாடிதான். ஜேர்மனியில் அதே சொல் இடப்பக்கத்தைக் குறிக்கும். இதைவிடச் சிக்கலானது பிரித்தானியத் தரவுகளில் வரும் ‘நியர்சைட்’, ‘ஓஃப்சைட்’ என்ற சொற்கள். நியர்சைட் என்பது நடைபாதைக்கு அருகிலுள்ள பக்கம். பிரித்தானியாவில் அது இடப்பக்கம். அந்தச் சொல்லின் பொருளை அப்படியே எடுத்து ‘நடைபாதைப் பக்கம்’ என்று ஜேர்மனுக்குக் கொண்டுபோனால், அங்கே நடைபாதை வலப்பக்கம் இருப்பதால், முன் இடச் சக்கரத்தின் பிரேக் குழாய்க்கான அறிவுறுத்தல் முன் வலச் சக்கரத்துக்குப் போய்விடும். வாக்கியம் இலக்கணப்படி குறையற்றதாக இருக்கும். எந்த எழுத்துப்பிழை திருத்தியும் அதைப் பிடிக்காது. ஜேர்மன் தொழில்துறையில் வாகனம் செல்லும் திசையை நோக்கி நின்று இடம், வலம் என்று சொல்வதே வழக்கம். ஆகவே டிரைவர் பக்கம், நடைபாதைப் பக்கம் போன்ற எல்லாவற்றையும் மூலத் தரவிலேயே இடம், வலம் என்று மாற்றிய பிறகுதான் மொழிபெயர்ப்பாளர்களிடம் அனுப்புகிறோம். படங்களையும் இதே கண்ணோடு பார்க்கவேண்டியிருக்கிறது. வலச் சுக்கான் வாகனத்தின் என்ஜின் அறையில் பிரேக் மாஸ்டர் சிலிண்டர் இருக்கும் பக்கத்தைக் காட்டும் படம் இடச் சுக்கான் வாகனத்துக்குப் பொருந்தாமல் போகலாம். அதைக் கண்ணாடி விம்பம்போலத் திருப்பிவிடலாம் என்று நினைப்பதும் தவறு, ஏனெனில் பற்றரியும் வடிகட்டியும் அதோடு சேர்ந்து பக்கம் மாறுவதில்லை. முகப்பு விளக்குகளின் ஒளிக்கற்றைகூட வீதியின் எந்தப் பக்கம் ஓட்டுகிறோமோ அதற்கேற்பச் சரிந்திருக்கும். எங்கள் குழுவில் உள்ள எல்லோரும் வலச் சுக்கான் வாகனங்களுக்குள் வளர்ந்தவர்கள் என்பதால், இந்தப் பகுதிக்கு மட்டும் இரட்டைச் சரிபார்ப்பு வைத்திருக்கிறோம்.

வாகனத்தை இனங்காணும் முதல் திரையும் அப்படியே எடுத்துச்செல்லக்கூடியதாக இருக்கவில்லை. பிரித்தானிய கராஜ்களில் இலக்கத் தகட்டைத் தட்டச்சு செய்தால் வாகனத்தின் விபரம் வந்துவிடும் என்று எதிர்பார்த்தே மூல மென்பொருள் அமைந்திருந்தது. ஜேர்மனியில் தகட்டு இலக்கத்தைக் கொடுத்து எவரும் அரச பதிவேட்டிலிருந்து விபரம் பெறும் வழி இல்லை. அங்குள்ள மெக்கானிக் வாகனத்தின் பதிவுப் பத்திரத்தைக் கையில் எடுத்து, அதிலுள்ள நான்கு இலக்கத் தயாரிப்பாளர் குறியீட்டையும், வகைக் குறியீட்டின் முதல் மூன்று எழுத்துகளையும் தட்டுவார். ஃபிளென்ஸ்பூர்க் நகரிலுள்ள கூட்டாட்சி மோட்டார் போக்குவரத்து அலுவலகம் வழங்கும் குறியீடுகள் அவை. உதிரிப்பாகக் கடைக்குத் தொலைபேசி எடுத்தாலும் முதலில் கேட்கப்படுவது அந்த எண்கள்தான். சுவிட்சர்லாந்தில் அந்த இடத்தை வகை ஒப்புதல் எண் பிடிக்கிறது. ஒஸ்திரியாவுக்குத் தனியான தேசியக் குறியீடு உண்டு. பதினேழு எழுத்துச் சட்டக எண் எல்லா நாட்டுக்கும் பொதுவானது என்றாலும், அழுக்கேறிய கண்ணாடியின் ஊடாக அதை வாசித்துத் தட்டுவதைக் காட்டிலும் பத்திரத்திலுள்ள சிறிய எண்களே மெக்கானிக்குக்கு எளிது. இன்னொன்றையும் சொல்லவேண்டும்: டியூபிங்கன், ஃபியூர்த் போன்ற ஊர்களின் தகடுகளில் இரு புள்ளி மேலேறிய எழுத்துகள் வரும். இருபத்தாறு ஆங்கில எழுத்துகளை மட்டும் ஏற்கும் கட்டம் அந்த ஊர் வாகனங்களுக்கு வேலை அட்டையே திறக்கவிடாது.

இவற்றையெல்லாம் எங்களுக்குப் பொறுமையாகச் சுட்டிக்காட்டுபவர் ஜேர்மனியின் ரூர் பிரதேசத்தில் கராஜ் ஒன்றில் வேலை செய்யும் ஒரு தமிழர். எண்பதுகளில் அகதியாகப் போய், அங்கேயே தொழில் பழகி, ‘மாஸ்டர்’ என்ற உயர் தொழில் தகுதியும் பெற்றவர்; நாங்கள் எல்லோரும் அவரை அண்ணா என்றே அழைக்கிறோம். கொழும்பு நேரம் ஜேர்மனியைவிடக் கோடையில் மூன்றரை மணித்தியாலமும் குளிர்காலத்தில் நாலரை மணித்தியாலமும் முந்தியிருப்பதால், அவருடைய மதிய இடைவேளையில், எங்கள் பிற்பகலில், காணொளியில் பேசிக்கொள்கிறோம். ஒருமுறை திரையிலிருந்த ஒரு சொல்லைக் காட்டி அவர் சொன்னார்: “தம்பி, இது பிழையான சொல் இல்லை. ஆனா கராஜுக்குள்ள ஒருத்தரும் இப்பிடிச் சொல்லமாட்டினம்.” அகராதியில் சரியாக இருப்பதும் வேலைத்தளத்தில் புழங்குவதும் இரு வேறு விடயங்கள் என்பதை நாங்கள் அறிந்திருந்தாலும், எந்தச் சொல் எந்தப் பக்கம் விழுகிறது என்பதைச் சொல்ல அவரைப் போன்ற ஒருவர் தேவைப்படுகிறார். மறுபுறம், அவர் அதிகம் வலியுறுத்துவது சொற்களை அல்ல. கையுறை போட்ட விரலால் அழுத்தக்கூடிய அளவுக்குப் பொத்தான்கள் இருக்கவேண்டும். ஜேர்மன் கூட்டுச்சொற்கள் நீளமானவை என்பதற்காக எழுத்தைச் சிறிதாக்கக் கூடாது. லிஃப்டில் உயர்த்திய வாகனத்தின் கீழே நின்றபடி இரண்டு மீற்றர் தூரத்திலுள்ள திரையில் இறுக்க அளவு தெரியவேண்டும் என்பவையே அவர் திரும்பத் திரும்பச் சொல்பவை.

தேவையற்ற அறிவுரைகளை அகற்றச் சொன்னவரும் அவர்தான். ஜேர்மனியில் 2003 இலிருந்து வாகன மெக்கானிக், வாகன மின்னியலாளர் என்ற இரு தொழில்களும் ஒன்றாகி, மூன்றரை ஆண்டுப் பயிற்சியோடு கூடிய ஒரே தொழிலாக உள்ளன. சுவிட்சர்லாந்தில் அதற்கு நிகரான பயிற்சி நான்கு ஆண்டுகள். அத்தகைய பயிற்சி பெற்ற ஒருவருக்கு ஒவ்வொரு படியிலும் ‘சாவியை அணைக்கவும்’ என்று ஒரு பெட்டி துள்ளி எழுந்தால், அவர் வாசிக்காமலே எல்லாப் பெட்டிகளையும் மூடப் பழகிவிடுவார். அந்தப் பழக்கத்தில் உண்மையான எச்சரிக்கையும் மூடப்பட்டுவிடும்.

வேலை நேரக் கணக்கைப் பற்றி எழுதாமல் இருக்க முடியாது, ஏனெனில் இந்தப் பணியில் நான் அதிகம் கற்ற இடம் அது. ஆங்கில மென்பொருளில் ஒரு வேலைக்கு 1.2 மணித்தியாலம் என்று தசமத்தில் இருக்கும். ஜேர்மன் கராஜ்களில் வேலை அலகு என்ற கணக்கு நடைமுறையில் உள்ளது. மெர்சிடிஸ்-பென்ஸ், பிஎம்டபிள்யூ ஆகியவற்றில் ஓர் அலகு ஐந்து நிமிடம். அதாவது ஒரு மணித்தியாலத்துக்குப் பன்னிரண்டு. ஃபோக்ஸ்வாகன் மணித்தியாலத்தை நூறாகப் பிரிக்கிறது. ஆறு நிமிட அலகும் உண்டு. ஆகவே ‘12 அலகு’ என்ற எண் எந்தத் தயாரிப்பாளருடையது என்று தெரியாவிட்டால் பொருளற்றது. அலகின் அளவை ஒவ்வொரு மதிப்போடும் சேர்த்தே சேமிக்கவேண்டும்.

மூல மென்பொருளில் இந்தக் கணக்கோடு ஒட்டிய இன்னொரு வசதி இருந்தது. ஒவ்வொரு மெக்கானிக்கும் வேலையைத் தொடங்கும்போதும் முடிக்கும்போதும் திரையைத் தொட, குறித்த நேரத்தைவிட அவர் எவ்வளவு வேகமாகவோ மெதுவாகவோ செய்தார் என்பதை முதலாளியின் திரை பெயரோடு வரிசைப்படுத்திக் காட்டும். ஜேர்மனியில், குறைந்தது ஐந்து நிரந்தர ஊழியர்கள் உள்ள நிறுவனத்தில் அவர்கள் தங்களுக்கெனத் தொழிலாளர் மன்றம் ஒன்றைத் தெரிந்தெடுக்கலாம். ஊழியரின் நடத்தையையோ செயற்றிறனையோ கண்காணிக்க ஏற்ற தொழில்நுட்பச் சாதனங்களைப் புகுத்துவதில் அந்த மன்றத்துக்கு இணைந்து முடிவெடுக்கும் உரிமை உண்டு என்று அந்நாட்டின் நிறுவன அமைப்புச் சட்டத்தின் 87ஆம் பிரிவு கூறுகிறது. மன்றம் உள்ள கராஜில் அதன் உடன்பாடின்றி அந்த வரிசைத் திரையை இயக்க முடியாது. இதற்கு மேல் 2018 மே 25 முதல் நடைமுறையிலுள்ள ஐரோப்பியத் தரவுப் பாதுகாப்பு விதிகளும் உள்ளன. இதை விற்பனைக்கு ஒரு தடை என்று சிலர் பார்க்கலாம். எனக்கு அது அப்படித் தோன்றவில்லை. துருப்பிடித்து ஒட்டிக்கொண்ட ஒரு போல்ட்டைப் பொறுமையாகச் சூடாக்கி உடையாமல் எடுப்பவர் நேரப் பட்டியலில் மெதுவானவராகத் தெரிவார். அதை உடைத்துவிட்டு அடுத்த வேலைக்குப் போகிறவர் வேகமானவராகத் தெரிவார். அத்தகைய பட்டியலை ஒருதலையாகச் சுமத்தக் கூடாது என்று சட்டமே சொல்வது ஒரு நல்ல ஏற்பாடு. ஆகவே எங்கள் பதிப்பில் அந்த வசதி அணைக்கப்பட்ட நிலையிலேயே வருகிறது. நேரங்கள் வேலை அட்டைக்கு உரியவையாகச் சேமிக்கப்படுகின்றன. தன் சொந்தப் பதிவுகளை மெக்கானிக் பார்க்கலாம். மற்றவருடையதைப் பெயரோடு பார்ப்பதற்குத் தனி அனுமதி தேவை. இலங்கையிலும் 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் வந்திருக்கிறது. நம் ஊர் கராஜ்களுக்கு மென்பொருள் எழுதுகிறவர்கள் இந்த அமைப்பைப் பின்பற்றினால் நான் மகிழ்வேன்.

பரிசோதனைத் திகதிகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். நமக்கு ஆண்டுதோறும் புகைப் பரிசோதனைச் சான்றிதழும் வருமான உத்தரவுப் பத்திரமும் என்ற ஒரே ஒழுங்கு பழக்கம். ஜேர்மனியில் புதிய காருக்கு மூன்று ஆண்டுகளின் பின் முதல் பரிசோதனையும், அதன் பிறகு இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறையும் நடக்கும்; அதைச் செய்பவர்கள் டியூஃப், டெக்ரா போன்ற அங்கீகரிக்கப்பட்ட நிறுவனங்களின் பரிசோதகர்கள். ஒஸ்திரியாவில் உரிய அனுமதி பெற்ற கராஜே பரிசோதித்து, அதற்கான ஸ்டிக்கரை வழங்கலாம். சுவிட்சர்லாந்தில் அது மாநில வீதிப் போக்குவரத்து அலுவலகத்தின் பொறுப்பு. ஆகவே வாடிக்கையாளருக்கு அனுப்பும் நினைவூட்டலில் ‘எங்களிடம் பரிசோதனைக்கு வாருங்கள்’ என்ற ஒரே வாசகம் மூன்று நாட்டுக்கும் உண்மையாக இராது. இடைவெளிகளையும் நிரலுக்குள் எழுதிவிடாமல் மாற்றத்தக்க அமைப்புகளாகவே வைத்திருக்கிறோம், ஏனெனில் சட்டம் மாறும்.

பில்லிலும் நாட்டுக்கு நாடு வேறுபாடுகள் பல. வரி வீதம் ஜேர்மனியில் 19%, ஒஸ்திரியாவில் 20%, சுவிட்சர்லாந்தில் 2024 இலிருந்து 8.1% என்பது எளிதில் தெரிந்துகொள்ளக்கூடியது. பழைய பாகத்துக்கான வரி அவ்வளவு எளிதில் கண்ணில் படாது. ஜேர்மனியில் பழைய ஒல்டர்னேட்டரைத் திருப்பிக் கொடுத்து, புதுப்பிக்கப்பட்ட ஒன்றை மாற்றாகப் பெற்றால், கொடுத்த பழைய பாகத்துக்கும் ஒரு பெறுமதி உண்டு என்று கருதி, தள்ளுபடிக்கு முந்திய விலையின் 10% ஐ அதன் பெறுமதியாக எடுத்து அதற்கும் வரி கணிக்கிறார்கள். வரியற்ற விலை 300 யூரோ என்றால் அதற்கு 57 யூரோ. பழைய பாகத்தின் 30 யூரோவுக்கு இன்னும் 5,70 யூரோ. வாகன வியாபாரத்துக்கே உரிய இந்தக் கணக்கை, எந்தத் துறைக்கும் பொருந்தும் என்று விற்கப்படும் பில் மென்பொருளில் எதிர்பார்க்க முடியாது.

இப்போது எங்கள் மேசையில் இருப்பது உயர் அழுத்த மின்சாரம் கொண்ட வாகனங்களுக்கான பகுதி. ஜேர்மனியில் சட்டப்படியான விபத்துக் காப்புறுதி அமைப்பு வெளியிட்டுள்ள வழிகாட்டியின்படி இவ்வாகனங்களில் வேலை செய்பவர்கள் படிநிலைகளாகப் பிரிக்கப்படுகிறார்கள்: டயர் மாற்றுவது போன்ற பொது வேலைகளுக்கு அறிவுறுத்தல் பெற்றவர், மின்சாரம் துண்டிக்கப்பட்ட நிலையில் உயர் அழுத்தப் பாகங்களில் வேலை செய்யத் தகுதி பெற்றவர், மின்சாரம் உள்ள நிலையிலேயே வேலை செய்யத் தகுதி பெற்றவர். மூல மென்பொருள் இந்தத் தகுதிகளை அறியாது. யாருக்கு நேரம் இருக்கிறதோ அவருக்கே வேலையை ஒதுக்கும். எங்கள் பதிப்பில் ஒவ்வொரு வேலைக்கும் தேவையான படிநிலை இணைக்கப்பட்டிருக்கிறது. அதை எட்டாத ஒருவரின் பெயர் ஒதுக்கீட்டுப் பட்டியலில் தெரிவதே இல்லை. மின்சாரத்தைத் துண்டித்தல், மீண்டும் இணையாதவாறு பூட்டுதல், மின்சாரம் இல்லை என்பதை அளந்து உறுதிசெய்தல் ஆகிய மூன்று படிகளும் இந்த வரிசையில் முடிந்த பிறகே, உயர் அழுத்த மின்சாரத்தைக் கொண்டுசெல்லும் செம்மஞ்சள் கேபிள்கள் தொடர்பான பக்கம் திறக்கும்.

மூன்றாவது படியில் யார் கையொப்பமிடுவது என்பதில் குழுவுக்குள் நீண்ட விவாதம் நடந்தது. மேற்பார்வையாளர் ஒருவர் அலுவலகத்திலிருந்தே உறுதிசெய்தால் வேலை தடைப்படாது என்று சிலர் வாதிட்டார்கள். அண்ணாவின் பதில் ஒரே வரியில் வந்தது: “மீட்டரைப் பிடிச்சவன்தான் கையொப்பம் வைக்கவேணும்.” அவ்வாறே அமைத்திருக்கிறோம். அளந்தவர் தன் பெயரையும், மீட்டர் காட்டிய மதிப்பையும், நேரத்தையும் வாகனத்தின் அருகிலுள்ள திரையிலேயே பதிகிறார். அலுவலகக் கணினியில் அந்தப் பொத்தான் இல்லை. அடுத்த பதிப்பில் இது மூன்று நாட்டு கராஜ்களுக்கும் போகிறது. ஒஸ்திரியாவிலும் சுவிட்சர்லாந்திலும் தகுதிப் படிநிலைகளின் பெயர்கள் வேறு என்பதால், அவற்றுக்கான பட்டியல்களை அந்தந்த நாட்டு மாஸ்டர்களோடு சேர்ந்து தயாரித்துக்கொண்டிருக்கிறோம்.